காயம் ஆறவிடாத அரியமுத்து

அரியமுத்துவின் விரல்கள் செங்கமலத்தின் நெற்றியைச் சுற்றிக் கட்டுத்துணியை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தன. மூன்றாவது சுற்று முடிந்ததும் சுண்டுவிரலைச் சிவப்புக் கலவையில் தோய்த்து, இடது புருவத்துக்கு மேல் ஒரு பொட்டு வைத்தார். குங்குமம், தேங்காய் எண்ணெய், கொஞ்சம் காபித்தூள் கலந்த ரத்தம் அது. இரண்டடி தள்ளி நின்று பார்த்தார். திருப்தி வரவில்லை. இன்னொரு பொட்டு வைத்தார்.

"மாடிப்படியில விழுந்து ஒரு வருஷம் தாண்டிடுச்சு. பத்து நாள்ல ஆறுற காயம். இன்னும் ரத்தம் கசிஞ்சா அந்த டாக்டரத்தான் புடிச்சு உள்ள வைக்கணும்" என்றேன்.

"ஆறிடுச்சுன்னா ஜனங்க எந்திரிக்கச் சொல்லுவாங்க சிஸ்டர். எந்திரிச்சா பேசச் சொல்லுவாங்க. பேசுனா நாம காலி."

"நான் நல்லாத்தான் பேசுவேன்" என்றார் செங்கமலம், கண்ணை மூடியபடியே.

"கோமாவுல இருக்கறவங்க பேசக் கூடாதுக்கா."

அரியமுத்து தொலைக்காட்சித் தொடர் எழுதுகிறவர். இந்த முறை தயாரிப்பாளரும் அவரே, ஒப்பனையாளரும் அவரே. பெரம்பலூரில் உள்ள கேபிள் சேனல் ஒன்றில் தினமும் மாலை 'அத்தை வீட்டு ஊஞ்சல்' என்று வந்ததே, அது அவருடையது. தொடரில் ஊஞ்சல் கிடையாது. முதல் நாளே உத்தரத்துக் கொக்கி கழன்று விழுந்துவிட்டது. தலைப்பை அதற்குள் சேனலுக்குக் கொடுத்துவிட்டதால் அப்படியே விட்டுவிட்டார்.

படப்பிடிப்பு நடந்தது அரியலூரில் செங்கமலத்தின் வீட்டில். செங்கமலத்துக்கு அறுபது தாண்டிவிட்டது. கணவர் இல்லை, மகன்கள் சிங்கப்பூரில். சர்க்கரை அதிகம். காலையும் மாலையும் ரத்தம் எடுத்துப் பார்த்து இன்சுலின் போடுவது என் வேலை. அந்த வகையில் தொடரின் பெரும்பகுதியை நான் வீட்டுக்குள் நின்றே பார்த்துவிட்டேன்.

வீட்டைக் கொடுக்கச் செங்கமலம் இரண்டு நிபந்தனைகள் போட்டிருந்தார். தனக்கு வேஷம் வேண்டும், கதையிலும் தன் பெயர் செங்கமலமாகவே இருக்க வேண்டும். "வேற பேரு வச்சா நான்தான்னு யாருக்குத் தெரியும்?" முதல் நாள் அவருக்கு ஒரே ஒரு வசனம்: "காபி குடிச்சியாம்மா?" மருமகளைப் பார்த்துச் சொல்ல வேண்டியதைக் கேமராவைப் பார்த்துச் சொல்லி, அதே மூச்சில் "சரியா சொன்னனா தம்பி?" என்றும் கேட்டார். மத்தியானம் வரை எடுத்தார்கள். காபி ஆறியது, சூடாயிற்று, மறுபடி ஆறியது. சாயங்காலம் அரியமுத்து அவரைக் கதையில் மாடியிலிருந்து உருட்டிவிட்டார். அன்று படுத்தவர்தான்.

படுத்த பிறகு அவருக்குக் கிடைத்த மரியாதையைச் சொல்ல வேண்டும். நோயாளியைப் பார்க்க ஜனங்கள் நிஜமாகவே வர ஆரம்பித்தார்கள். ஹார்லிக்ஸ், சாத்துக்குடி, பிஸ்கட். வாசலில் செருப்புச் சத்தம் கேட்டதும் செங்கமலம் ஓடிப்போய்ப் படுத்துக் கண்ணை மூடிக்கொள்வார். வந்தவர்கள் கட்டிலைச் சுற்றி நின்று உச்சுக் கொட்டுவார்கள். அவர் எழுந்தால் மாவிளக்கு போடுவதாகச் சிறுவாச்சூர் அம்மனிடம் வேண்டிக்கொண்ட இரண்டு பேர் பெரம்பலூரிலிருந்தே வந்துபோனார்கள். "எப்ப சார் கண்ணு முழிப்பாங்க?" என்று அரியமுத்துவைக் கேட்டார்கள். "டாக்டருங்க பாத்துக்கிட்டு இருக்காங்கம்மா" என்றார் அவர், முகம் வாடி. ஹார்லிக்ஸைச் சர்க்கரைக்காரியிடம் நான் விடவில்லை. படப்பிடிப்புக் குழு குடித்துச் சதை போட்டது.

அரியமுத்துவுக்கு ஊர் தா.பழூர்ப் பக்கம். பெற்றவர்கள் அடுத்தவர் வயலில் நடவு நட்டவர்கள். இவர் கல்லூரி முடித்த கையோடு சென்னைக்குப் போய், இருபது வருஷத்துக்கு மேல் தொடர்களுக்கு வசனம் எழுதினார். எட்டுத் தொடர்கள். திரையில் ஒன்றிலும் இவர் பெயர் வந்ததில்லை. அதில் அவருக்கு வருத்தமில்லை. வருத்தம் வேறு: எட்டில் ஒன்றுகூட முடியவில்லை. ஒன்றில் கதாநாயகி கல்யாணமாகிக் கனடா போனார். ஒன்றில் தயாரிப்பாளர் தேர்தலில் நின்றார். ஒன்று, கோர்ட்டில் நீதிபதி "ஆகவே இந்த நீதிமன்றம்" என்று வாயைத் திறந்த இடத்தில் நின்றது. அந்தத் தீர்ப்பு என்னவென்று இன்றைக்கும் கல்யாண வீடுகளில் அவரைப் பிடித்துக் கேட்கிறார்கள்.

"எட்டுக் குடும்பத்த நடுத்தெருவுல விட்டுட்டு வந்தவன் சிஸ்டர் நான். ஒண்ணுக்காச்சும் சுபம் போட்டுட்டுத்தான் கண்ண மூடணும்" என்பார். வாயில் கடலை மிட்டாய் இருக்கும். மிட்டாயைக் கடித்தபடியே கண் கலங்க அவரால் முடியும்.

வசனங்களை அவர் உட்கார்ந்து எழுதுவதில்லை. பெரம்பலூரில் குடியிருப்பு, அரியலூரில் வேலை. போகும்போதும் வரும்போதும் பஸ்ஸில் செல்போனை வாயருகே வைத்துச் சொல்லிப் பதிவு செய்வார். ஆணுக்கு ஆண் குரல், பெண்ணுக்குப் பெண் குரல். ஒருநாள் நானும் அந்த பஸ்ஸில் இருந்தேன். ஜன்னலோரம் உட்கார்ந்து, மெல்லிய குரலில், "சொல்லு, ஒன் வயித்துல வளர்றது யாரு கொழந்த?" என்றார். பக்கத்தில் இருந்தவர் எழுந்து முன்னால் போய்விட்டார். கண்டக்டர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. முன் சீட்டில் இருந்த பெண் மட்டும் திரும்பி, "கேட்டுக்கிட்டே இருக்கீங்களே தவிர அந்தப் புள்ளயப் பேச விட மாட்டேங்கறீங்க" என்றார். அரியமுத்து நன்றி சொல்லி, மறுநாள் மருமகளைப் பேச விட்டார்.

அரியலூரில் சுண்ணாம்புக்கல் லாரிகள் ஓயாமல் போகும். லாரிச் சத்தம் விழுந்தால் வசனம் கெட்டுவிடும். அதனால் அவர் வசனத்தை இரண்டு லாரிக்கு நடுவே கிடைக்கும் இடைவெளிக்கு அளந்துதான் எழுதுவார். அவருடைய மாமியார்கள் சுருக்கமாகத் திட்டுவார்கள். நீண்ட சாபம் விட வேண்டுமென்றால் லாரி ஓடாத ஞாயிற்றுக்கிழமை வரை காத்திருப்பார்கள்.

போன மாதம் ஒரு திங்கட்கிழமை சேனலிலிருந்து போன் வந்தது. அடுத்த வாரம் முதல் அந்த நேரம் மனை விற்பனை நிகழ்ச்சிக்குப் போகிறது. வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குள் கடைசிப் பகுதியைக் கொடுத்தால் போடுவார்கள். இல்லையென்றால் இருக்கிற இடத்தில் நிறுத்திக்கொள்வார்கள்.

அரியமுத்து போனை மேசைமேல் கவிழ்த்து வைத்தார். பிறகு அவர் வேலை செய்த வேகம், நான் வார்டில் ஒரே நேரத்தில் நாலு பிரசவம் பார்த்த வேகம். துபாயில் காணாமல் போன மகனைச் செவ்வாய்க்கிழமை கொண்டுவந்தார். வில்லி அன்றைக்கே திருந்தினாள். மாறிப்போன குழந்தைகள் புதன்கிழமை காலை திரும்ப மாறின. எல்லாம் முடிந்து, மிச்சம் இருந்தது கட்டிலில் செங்கமலம் ஒருவர்தான். எழ வேண்டும், அல்லது போய்ச் சேர வேண்டும். எழுந்தால் பேச வேண்டும்.

"என் வூட்டுல, என் பேருல, என்னையே சாவடிக்கறியா தம்பி?" என்றார் செங்கமலம்.

"கதையிலதான்க்கா."

"கதையிலன்னா என்ன? நாளைக்குக் கடைவீதியில என்னைப் பாத்தா பேயின்னு ஓடுவாளுக."

அரியமுத்து தரையில் உட்கார்ந்துவிட்டார். எட்டுத் தொடரையும் சொன்னார். நீதிபதியைச் சொன்னார். பாதியில் குரல் உடைந்தது. செங்கமலம் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "சரி சரி, அழுவாத. பட்டுப்பொடவைதான் கட்டுவேன். பெட்டி கண்ணாடிப் பெட்டியா இருக்கணும்" என்றார்.

"கட்டாயம்க்கா. கடைசியில கேமராவப் பாத்து ஒரு தடவ சிரிக்கணும். பொணமா நடிச்சவங்க எந்திரிச்சுச் சிரிச்சுடணும், அப்பத்தான் ஆயுசுக்கு நல்லது. எங்க தொழில்ல அது சம்பிரதாயம்."

கேமராவைப் பார்க்கலாம் என்றதும் செங்கமலத்தின் முகம் தெளிந்தது.

புதன்கிழமை மத்தியானமே அரியமுத்து கண்ணீர் அஞ்சலி போஸ்டருக்கு அச்சகத்தில் சொல்லிவிட்டார். வாசல் சுவரில் ஒட்டியிருப்பது போல ஒரு காட்சிக்கு அது வேண்டும். அச்சகத்துக்காரர் வழக்கமாக எல்லாரையும் கேட்பதைக் கேட்டிருக்கிறார். "பொறந்த ஊரு எது சார்?" காட்சி தத்ரூபமாக இருக்கட்டும் என்று அரியமுத்து செங்கமலம் நிஜமாகவே பிறந்த ஊரைச் சொன்னார்: மீன்சுருட்டி. இந்தப் பக்கத்தில் ஒருவர் இறந்தால் போஸ்டரை இருந்த ஊரிலும் ஒட்டுவார்கள், பிறந்த ஊரிலும் ஒட்டுவார்கள். அது அச்சகத்துக்காரரின் சேவையில் சேர்ந்தது, தனியாகச் சொல்லத் தேவையில்லை. அவரும் யாரும் சொல்லாமலே வியாழக்கிழமை அரியலூர் பஸ் ஸ்டாண்டிலும் ஜெயங்கொண்டத்திலும் மீன்சுருட்டிக் கடைத்தெருவிலும் ஒட்டி முடித்துவிட்டார். சிரித்த முகம், முழுப்பெயர், வீட்டு விலாசம், வெள்ளிக்கிழமை காலை இறுதி ஊர்வலம். எங்களுக்கு இதெல்லாம் பிறகுதான் தெரிந்தது.

வெள்ளிக்கிழமை காலை பெட்டி வந்தது. செங்கமலத்துக்கு ஊசி போட்டு, இரண்டு இட்லி சாப்பிட வைத்து, உள்ளே படுக்க வைத்தேன். மூடி முழுவதும் மூடாமலிருக்க ஓரத்தில் ஒரு ரப்பர் செருப்பைச் சொருகினேன். குளிரூட்டும் பெட்டி அது. யாராவது கைமறதியாக சுவிட்சைப் போட்டுவிடுவார்கள் என்று ஒயரைச் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்தேன்.

கேமராமேன் மணிவண்ணனுக்குத் தொழில் கல்யாண வீடியோ. கையும் வாயும் பழக்கத்தில் போகும். அழுவதற்கு அழைத்து வந்தவர்களைப் பார்த்து, "பொண்ணு வூட்டுக்காரங்கல்லாம் இந்தப் பக்கம் வாங்க" என்றான். மருமகளாக நடிக்கும் வெற்றிச்செல்வி, ஜவுளிக்கடையில் பாதி நாள் லீவு போட்டு வந்தவள், தலையை விரித்துப் போட்டுக்கொண்டு பெட்டிக்குமேல் விழுந்தாள்.

அப்போது அரிசி மில் குருநாதன் மாலையோடு உள்ளே வந்தார். பெட்டியைப் பார்த்ததும் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு விம்மினார். "போன வாரம்கூட நல்லாத்தான இருந்துச்சு... பொன்னி ஒரு மூட்டை போடச் சொல்லிச்சே..."

அரியமுத்து வெற்றிச்செல்வியின் காதருகே குனிந்து, "யாரும்மா இவரு? பிரமாதமா பண்றாரே" என்றார்.

"நீங்க வரச் சொன்னவருன்னு நெனச்சேன் சார்."

"மாலையோட இப்படிக் கொஞ்சம் பாருங்கண்ணே" என்றான் மணிவண்ணன்.

அடுத்து எதிர்வீட்டார் வந்தனர். கோயில் பூசாரி வந்தார். பென்ஷன் ஆபீஸ் கிளார்க் ஒருவர் சைக்கிளை வாசலில் போட்டுவிட்டு ஓடி வந்தார். யாருக்கும் அழுகை சொல்லித் தர வேண்டியிருக்கவில்லை. எனக்கு விளங்கிவிட்டது. அரியமுத்துவின் சட்டையைப் பிடித்து இழுத்தேன். "இவங்கல்லாம் நெசமாவே சாவுக்கு வந்தவங்க. நிறுத்துங்க."

"தெரியுது சிஸ்டர்" என்றார். அவர் கண் பெட்டியை விட்டு அகலவில்லை. "அஞ்சு நிமிஷம். இப்படி அழுவறதுக்கு ஆள் எங்க கெடைக்கும், சொல்லுங்க?"

நானே சத்தம் போட்டுச் சொல்லிவிடலாம் என்று எழுந்தேன். அதற்குள் வாசலில் ஒரு வேன் வந்து நின்றது. மீன்சுருட்டியிலிருந்து செங்கமலத்தின் தங்கை கமலவேணி, வேன் நிறைய ஆட்களோடு. அக்காவும் தங்கையும் முகம் பார்த்துப் பல வருஷம் ஆகிறது. தாயார் விட்டுப்போன ஒரு கல் மூக்குத்தி அக்காவிடம் இருக்கிறது, அதுதான் காரணம். கமலவேணி தெருவிலிருந்தே மார்பில் அடித்துக்கொண்டு வந்து, ஒரே தள்ளில் வெற்றிச்செல்வியை அப்புறப்படுத்தி, பெட்டியைக் கட்டிக்கொண்டார்.

"ஆத்தா மூக்குத்திய ஆளுக்கொரு வருஷம்னியே... அரை நாளும் தராம அதோடயே படுத்தியே..."

ராகம் சுத்தமாக இருந்தது. அரியமுத்து தன் வாயைத் தானே பொத்திக்கொண்டார். நான் மட்டும் செங்கமலத்தின் காலைப் பார்த்தேன். ஒரு வருஷமாக அசையாத கட்டைவிரல் விறைத்து நிமிர்ந்தது.

"கேட்டு வாங்க வந்தவள வாசலோட அனுப்புனியே... யாருக்குன்னு வச்சுருந்த, எமனுக்கா போட்டுவிட்ட..."

மூடி தரையில் விழுந்தது. பட்டுப்புடவையும் நெற்றியில் ஒட்டிய காசுமாகச் செங்கமலம் எழுந்து உட்கார்ந்தார். "அரை நாளும் தரலயா? ஒன் மவ சடங்குக்கு மூணு நாள் போட்டுக்கிட்டுத் திரிஞ்சது எவ?"

ஜனத்தில் பாதி வாசல் வழியாகவும் மீதி சமையலறை வழியாகவும் வெளியேறியது. குருநாதன் மாலையோடு சரிந்தார். தண்ணீர் சொம்போடு வந்தவர்களை விலக்கிவிட்டு, அவரைப் படுக்க வைத்துக் கால்களை நாற்காலிமேல் தூக்கி வைத்தேன். ஆபத்தில்லை, நாடி நன்றாக இருந்தது.

கமலவேணி நகரவே இல்லை. "குடுத்துட்டு நாலாம் நாளே ஆள் அனுப்பி வாங்குனியே, அதுக்குப் பேரு குடுக்கறதா?" என்றார். அதற்குப் பிறகுதான் யாரோடு பேசுகிறோம் என்பது உறைத்தது. "அடிப்பாவி! நீ சாவலயா?"

"செத்துட்டா எடுத்துக்கிட்டுப் போயிடலாம்னு வந்தியா?"

"வேன் புடிச்சு வந்திருக்கேன்! காலைலேருந்து பச்சத் தண்ணி குடிக்கல!"

இந்தச் சண்டை நடந்துகொண்டிருக்கும்போதே பெட்டிக்காரர் ஒயரை என்னிடம் கேட்டு வாங்கினார். கீழப்பழுவூரில் உண்மையாகவே ஒருவர் காத்திருக்கிறாராம். செங்கமலத்தை இறக்கிவிட்டுப் பெட்டியைக் கொண்டுபோய்விட்டார். மறுபடி எடுக்க வழியில்லை. அரியமுத்து மாடிப்படியில் உட்கார்ந்து, "ஒம்போதாவதும் போச்சு" என்றார். இந்த முறை வாயில் மிட்டாய் இல்லை. முகம் வெளுத்திருந்தது. எழுந்தால் விழுவார் போலத் தெரிந்ததால் ஒரு டம்ளர் மோர் கொடுத்தேன்.

"நான் கட் பண்ணவே இல்ல சார்" என்றான் மணிவண்ணன். "கல்யாணத்துல சண்ட வந்தா கட் பண்ண மாட்டோம். பின்னாடி கேப்பாங்க."

கேமராவின் சின்னத் திரையில் ஓட்டிப் பார்த்தார்கள். பார்க்கப் பார்க்க அரியமுத்து எழுந்து நின்றார். செங்கமலம் ஒரு தடவைகூடக் கேமராவைப் பார்க்கவில்லை. "சரியா சொன்னனா?" என்று கேட்கவில்லை. பிணம் எழுந்த கதைக்கு என்ன காரணம் சொல்வீர்கள் என்றேன். "தங்கச்சி கொரல் கேட்டு எந்திரிச்சுட்டாங்க. அதுக்கு மேல என்ன காரணம் வேணும்?" என்றார்.

"சார், அவங்க இன்னும் சிரிக்கல" என்று வெற்றிச்செல்வி ஞாபகப்படுத்தினாள்.

செங்கமலம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "இவ முன்னாடி நான் எதுக்குச் சிரிக்கணும்?"

"எதுக்குச் சிரிக்கணும்?" என்று கமலவேணியும் கேட்டார். அரியமுத்து சம்பிரதாயத்தைச் சொன்னார். சிரிக்காவிட்டால் ஆயுசுக்கு ஆகாது என்றார். கமலவேணி நேராகப் போய் அக்காவின் தாடையைப் பிடித்துக் கேமரா பக்கம் திருப்பினார். "சிரிச்சுத் தொல. நீ பாட்டுக்குப் போய்ச் சேந்துட்டீன்னா அந்த மூக்குத்திக்கு நான் யாருகிட்ட சண்ட போடுறது?"

செங்கமலம் தாடையை விடுவிக்கப் பார்த்தார். முடியவில்லை. சிரித்துவிட்டார். தாடையில் தங்கையின் விரல்களோடு, பல் தெரிய, நேரே கேமராவைப் பார்த்து.

அந்தச் சிரிப்பை அரியமுத்து அப்படியே நிறுத்தி அதன்மேல் சுபம் போட்டார். "சண்ட இன்னும் முடியலையே" என்றேன். "கல்யாணம் ஆனதும் சுபம் போடறாங்களே சிஸ்டர், சண்டையே அதுக்கப்புறம்தான வருது" என்று சொல்லிவிட்டு, மணிவண்ணன் வண்டியில் பின்னால் ஏறிப் பெரம்பலூருக்குப் பறந்தார்.

அன்று மாலை சேனலிலேயே நின்று முழுவதையும் பார்த்திருக்கிறார். எழுத்து மறையும் வரை இமைக்கவில்லையாம். ஒளிபரப்பு முடிந்ததும் சேனல்காரர் அவர் கையைப் பிடித்துக்கொண்டாராம். போன் விடாமல் அடிக்கிறது, மனை விற்பனையைத் தள்ளி வைக்கிறேன், தொடரை நீட்டுங்கள் என்றாராம். "முடிஞ்சுதுங்க. முடிஞ்சது முடிஞ்சதாவே இருக்கட்டும்" என்று சொல்லிக் கும்பிட்டுவிட்டு வந்துவிட்டார்.

மறுநாள் காலை ஊசி போடப் போனேன். கமலவேணி ஊருக்குப் போகவில்லை. சமையலறையில் அக்காவும் தங்கையும் எதிரெதிரே உட்கார்ந்து, காபியோடு, மூக்குத்திக்கு முன்னால் தொலைந்த ஒரு வெண்கலப் பானைச் சண்டைக்குப் போயிருந்தார்கள். சர்க்கரைக்காரி சத்தம் போட்டால் எனக்குத்தான் வேலை. நிறுத்தலாம் என்று கையைத் தூக்கினேன். ஜன்னலுக்கு வெளியே அரியமுத்து நின்றுகொண்டிருந்தார். வேலை எதுவும் இல்லாமல், வழக்கமான பஸ்ஸில், வழக்கமான நேரத்துக்கு வந்திருக்கிறார். என்னைப் பார்த்து உதட்டில் ஒரு விரலை வைத்தார். பிறகு அதே விரலைக் காற்றில் மெல்லச் சுழற்றினார், ஓடட்டும், ஓடட்டும் என்று.